நினைவு தாங்கும் படிகம்: கற்பனையும் வரலாறும்

அறிவியற் புனைகதைகளைப் படிப்போர்க்கு நன்கு பழகிய பொருள் ஒன்றுண்டு. அதுவே நினைவு தாங்கும் படிகம். மாண்டுபோன ஓர் உலகின் அறிவனைத்தும் கைக்குள் அடங்கும் பளிங்குத் துண்டில் உறைந்து கிடக்கும். உரியவன் கைபட்டதும் முன்னோர் முகங்காட்டிப் பேசுவர். 1978 இல் வெளிவந்த 'சூப்பர்மேன்' திரைப்படத்தில், அழியப்போகும் கோளிலிருந்து அனுப்பப்படும் குழந்தையோடு தந்தை சில படிகங்களையும் சேர்த்தனுப்புகிறான். வளர்ந்து ஆளான மகன் வடதுருவப் பனிவெளியில் நின்று, என்றோ மறைந்த தந்தையின் முகத்தையும் குரலையும் அப்படிகங்களின் வாயிலாகப் பெறுகிறான்.

இது வெறுங் கற்பனையா என்னும் வினாவிற்கு விடை தேடுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும். விடை சற்று வியப்புக்குரியது. நினைவைத் தாங்கும் படிகம் 1839 முதல் மாந்தர் கையில் உள்ளது. நம் ஊர்ப் படக்கடைகளின் இருட்டறைகளில் அது நாள்தோறும் புழங்கியது. நம் தாத்தா பாட்டியரின் முகங்கள் அதனால்தான் நமக்குத் தெரியும். அது படிகம் என்பதை நாம் அறியாதிருந்தோம். அறியாமையால் அதற்கு நாம் இழைத்த கேடும் சிறிதன்று.

பளிங்கின் மறதி

திருக்குறளில் குறிப்பறிதல் என்னும் பெயரில் இரண்டு அதிகாரங்கள் உள்ளன. அவற்றுள் பொருட்பாலில் அமைந்த 71ஆம் அதிகாரத்தில், தன்னை அடுத்த பொருளைக் காட்டும் பளிங்கை உள்ளத்தைக் காட்டும் முகத்திற்கு உவமையாக்குகிறார் வள்ளுவர். உவமை நுட்பமானது. பளிங்கு காட்டுவது அடுத்திருக்கும் பொருளை மட்டுமே. பொருள் அகன்றால் பளிங்கு வெறுமையாகிவிடும். செம்பருத்தியை அருகில் வைத்தால் சிவக்கும். எடுத்தால் அந்தச் சிவப்பு அதனிடம் தங்குவதில்லை. தூய பளிங்கு சிறந்த சாட்சி. ஆயினும் நினைவற்ற சாட்சி.

மணிமேகலைக் காப்பியத்தில் பளிக்கறை மண்டபம் ஒன்று வருகிறது. புகாரின் உவவனத்தில் இருந்த அம்மண்டபம், உள்ளிருப்பாரின் குரலை வெளிவிடாது உருவத்தை மட்டும் புறத்தே காட்டும் இயல்புடையது. உதயகுமரனுக்கு அஞ்சி மணிமேகலை அதனுள் புகுகிறாள். அவள் உருவம் வெளியே தெரிய, அவன் அதனை ஓவியமோ என மயங்குகிறான். குரலின்றி உருவம் மட்டும் அசையும் காட்சியைச் சாத்தனார் கண்ட இவ்விடத்தைப் படிக்கும்போதெல்லாம் ஊமைப்படக் காலத்துத் திரை நினைவிற்கு வருகிறது. ஆயினும் அந்தப் பளிக்கறையும் மறதியுடையதே. மணிமேகலை அதைவிட்டு நீங்கிய பின் அவள் உருவம் அதில் தங்கவில்லை.

தூய பளிங்கால் நினைவில் வைக்க இயலாதெனில், எத்தகைய படிகத்தால் இயலும்? இவ்வினாவிற்கு விடை சொன்னது வெள்ளி உப்பு.

இருள்தாங்கி

செருமானிய நாட்டு அறிஞர் யோகான் ஐன்ரிக் சுல்ட்சு, 18ஆம் நூற்றாண்டின் தொடக்கப் பகுதியில், இருளில் ஒளிரும் பாசுபரசைச் செய்ய முயன்றுகொண்டிருந்தார். அதற்காகச் சுண்ணத்தை நைட்டிரிக அமிலத்தோடு கலந்தார். அந்த அமிலத்தில் சிறிது வெள்ளி கரைந்திருந்தது. குப்பியின் வெயில்பட்ட பக்கம் மட்டும் கறுத்ததைக் கண்டு திகைத்தார். வெப்பத்தால் கறுத்ததோ என ஐயுற்று நெருப்பருகில் வைத்துப் பார்த்தார், கறுக்கவில்லை. ஒளியே காரணம் எனத் தெளிந்தார். பின்னர், தாளில் எழுத்துகளை வெட்டிக் குப்பியின்மேல் ஒட்டி வெயிலில் வைத்தார். உள்ளிருந்த வெண்சேற்றில் எழுத்துகள் கருமையாய்ப் பதிந்தன. ஒளிதாங்கியைத் தேடியவர், தாம் கண்ட பொருளுக்கு இருள்தாங்கி என்னும் பொருள்பட ஒரு பெயரிட்டார். குப்பியைக் குலுக்கியதும் எழுத்துகள் மறைந்தன.

இவர் பின்னாளில் ஆசிரியராய் இருந்த ஆலே நகரம் தமிழர்க்கு அறிமுகமான ஊரே. 1706 இல் தரங்கம்பாடி வந்திறங்கிய சீகன்பால்குவின் பணிக்குத் துணைநின்ற நிறுவனம் அவ்வூரில்தான் இருந்தது. தமிழ் ஓலைச்சுவடிகள் கடல்கடந்து சென்று சேர்ந்த நகரில், ஒளியால் எழுதும் கலைக்கு வித்திட்டவரும் வாழ்ந்தார் என்பது எண்ணி மகிழத்தக்கது.

1777 இல் சுவீடன் நாட்டு வேதியியலார் சீலே, வெள்ளி குளோரைடு ஊதா ஒளியில் விரைந்து கறுப்பதையும், கறுத்த பகுதி அம்மோனியாவில் கரையாதிருப்பதையும் கண்டறிந்தார். 1802 இல் இங்கிலாந்தில் தாமசு வெட்சுவுட்டு என்பாரும் அம்ப்ரி டேவியும், வெள்ளி நைட்டிரேட்டுத் தடவிய தாளிலும் தோலிலும் இலைகள், பூச்சியின் சிறகுகள் ஆகியவற்றின் நிழலைப் பதித்துக் காட்டினர். ஆனால் பதிந்ததை நிலைநிறுத்த அவர்க்கு வழி தெரியவில்லை. படத்தைக் காண ஒளி வேண்டும். ஒளிபட்டால் எஞ்சிய உப்பும் கறுத்துப் படம் அழியும். எனவே மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் சிறிது நேரம் பார்த்துவிட்டு மீண்டும் இருளில் வைத்தனர். கறுக்காத உப்பை அகற்ற வல்ல அம்மோனியாவைச் சீலே கால் நூற்றாண்டுக்கு முன்னரே காட்டியிருந்தும், அவர்கள் அதைப் பயன்கொள்ளவில்லை. நினைவில் பதிவது ஒரு வினை. பதிந்ததைக் காப்பது வேறொரு வினை என்பதை அறிவியல் உலகம் இங்கேதான் முதன்முதலாகக் கற்றது.

உள்ளுறை உருவம்

1839 சனவரி 7 அன்று பாரிசு அறிவியற் கழகத்தில் தாகேர் என்னும் ஓவியரின் கண்டுபிடிப்பு அறிவிக்கப்பட்டது. அவ்வாண்டு ஆகத்து 19 இல் அதன் செய்முறை உலகிற்கு வெளியிடப்பட்டது. வெள்ளி பூசிய செப்புத் தகட்டை அயோடின் ஆவியிற் காட்டினால் வெள்ளி அயோடைடுப் படலம் உண்டாகும். அத்தகட்டைப் படப்பெட்டியில் வைத்து ஒளிகாட்டி எடுத்தால் கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. பாதரச ஆவியிற் காட்டிய பின்னரே உருவம் எழும். அமெரிக்க எழுத்தாளர் ஆலிவர் வெண்டெல் ஓம்சு 1859 இல் எழுதிய கட்டுரையில் இத்தகட்டை நினைவாற்றல் வாய்ந்த கண்ணாடியாகக் கண்டார். வள்ளுவரின் பளிங்கிற்கு இல்லாத ஆற்றல் இதற்குக் கிட்டிவிட்டது.

இங்கிலாந்தில் டால்பட்டு என்பார் தாளில் இதே முயற்சியை மேற்கொண்டிருந்தார். 1835 இல் தம் வீட்டுச் சாளரம் ஒன்றை அவர் எடுத்த சிறு எதிர்ப்படி இன்றும் உள்ளது. 1840 இல் அவரும், ஒளிபட்டும் வெறுமையாகத் தோன்றிய தாளில் கேலிக் அமிலக் கலவையைத் தடவியபோது உருவம் மெல்ல மெல்ல எழுந்ததைக் கண்டார். பதிந்ததைக் காக்கும் வழியை அவர்தம் நண்பர் சான் எர்செல் வழங்கினார். வெள்ளி உப்புகளைக் கரைக்கும் 'ஐப்போ' என்னும் உப்பை எர்செல் 1819 இலேயே ஆராய்ந்திருந்தார். 1839 இல் அதுவே ஒளிப்படத்தை நிலைநிறுத்தும் பொருளாயிற்று. படக்கடை இருட்டறையில் மூக்கைத் துளைத்த அந்த ஐப்போ மணத்தை நம்மில் மூத்தோர் அறிவர்.

ஒளிபட்ட பின்னும் உருத்துலக்கும் முன்னும் படிகத்துள் மறைந்து கிடக்கும் உருவத்தை 'உள்ளுறை உருவம்' எனலாம். அகப்பாட்டின் உள்ளுறை போலவே அதுவும் கேட்பார்க்கன்றிப் புலப்படாது. கேட்கத் தெரிந்தார்க்கு மறைக்காது.

குறையே வாயில்

1871 இல் மேடக்சு என்னும் ஆங்கில மருத்துவர், வெள்ளி புரோமைடை ஊன்பசையாகிய செலட்டினில் கலந்து தகட்டில் பூசும் முறையை வெளியிட்டார். மிக நுண்ணிய வெள்ளி புரோமைடுப் படிகங்கள் செலட்டினுள் விதைபோற் பரவிக் கிடக்கும். அதன்பின் வந்த கண்ணாடித் தகடு, செல்லுலாயிடுச் சுருள், திரைப்படச் சுருள் யாவும் இவ்வடிப்படையில் அமைந்தனவே.

இம்முறையில் ஒரு புதிர் இருந்தது. ஒரு தொகுதிச் செலட்டினில் செய்த படச்சுருள் மிகு நுண்ணுணர்வுடன் இருக்கும். மற்றொரு தொகுதி மந்தமாக இருக்கும். 1925 இல் கோடக் ஆய்வகத்தைச் சேர்ந்த செப்பர்டு இதற்கு விடை கண்டார். செலட்டின், மாட்டின் தோலிலிருந்தும் எலும்பிலிருந்தும் எடுக்கப்படுவது. மாடுகள் கடுகினச் செடிகளை மேய்ந்திருந்தால், கடுகெண்ணெய் சார்ந்த கந்தகச் சேர்மங்கள் மிகச் சிறிதளவு செலட்டினில் தங்கிவிடுகின்றன. அந்தக் கந்தகம் படிகங்களின்மேல் வெள்ளி சல்பைடுப் புள்ளிகளை உண்டாக்குகிறது. அப்புள்ளிகளே நுண்ணுணர்வை மிகுவித்தன. உலகம் திரையிற் கண்ட காதலும் போரும், மாடு மேய்ந்த கடுகுக்கும் கடன்பட்டவை.

1938 இல் கர்னி, மாட்டு என்னும் இரு இயற்பியலார் இதன் உட்பொருளை விளக்கினர். ஒளி ஒரு படிகத்தைத் தாக்கும்போது மின்னணு ஒன்று விடுபடுகிறது. படிகம் குறையின்றி இருப்பின் அம்மின்னணு அலைந்து திரிந்து, வந்த இடத்திற்கே மீண்டுவிடும். சுவடு எதுவும் எஞ்சாது. குறையுள்ள இடம் ஒன்று இருந்தால் அங்கே அது சிக்கிக்கொள்கிறது. இடம்விட்டு நகரும் வெள்ளி அயனி ஒன்று அங்கே வந்து அதனோடு சேர்ந்து வெள்ளி அணுவாகிறது. இவ்வாறு ஏறத்தாழ நான்கு அணுக்கள் ஓரிடத்தில் திரண்டால் போதும். கோடிக்கணக்கான வெள்ளி அயனிகளைக் கொண்ட படிகம் முழுவதும், உருத்துலக்கும் நீர்மத்தில் கருவெள்ளியாக மாறிவிடும். நான்கு அணுக்களின் சாட்சியத்தை ஒரு படிகமே ஏற்றுக்கொள்கிறது.

பளிக்கறை மறந்ததற்கும் வெள்ளி உப்பு மறவாததற்கும் காரணம் இப்போது விளங்கும். மாசற்ற பளிங்கில் நினைவு தங்க இடமில்லை. குறையும் வடுவும் மாசும் உடைய படிகமே நினைவுக்கு வாயில் திறக்கிறது.

பனியில் 33 ஆண்டு

திரைப்படக் கற்பனை வடதுருவப் பனியில் தன் படிகங்களை வைத்தது. வரலாறு அதனை முன்னரே செய்து முடித்திருந்தது.

1897 சூலை 11 அன்று, சுவீடன் நாட்டவரான ஆந்திரே, சிடிரின்பெர்க்கு, பிரங்கேல் ஆகிய மூவர், வாயுக்கூண்டில் வடமுனையைக் கடக்கும் எண்ணத்துடன் சுபிட்சுபெர்கன் தீவுக்கூட்டத்திலிருந்து புறப்பட்டனர். மூன்றே நாளில் கூண்டு பனிமேல் இறங்கிவிட்டது. பல வாரம் பனிப்பாறைகளினூடே நடந்து, அக்டோபரில் வெண்தீவு எனப்படும் ஆளற்ற தீவை அடைந்து, அங்கேயே மூவரும் மடிந்தனர். உலகம் அவர்களைப் பற்றி எதுவும் அறியவில்லை. 1930 ஆகத்தில் அவ்வழிச் சென்ற நார்வே நாட்டுக் கப்பல் ஒன்று அவர்கள் தங்கிய இடத்தைக் கண்டது. நாட்குறிப்புகளும் உடல்களும் கிடைத்தன. அவற்றோடு, சிடிரின்பெர்க்கு எடுத்து, உருத்துலக்கப்படாமலே இருந்த படச்சுருள்களும் கிடைத்தன.

33 ஆண்டு பனியிலும் ஈரத்திலும் கிடந்த சுருள்கள் அவை. சுடாக்கோமில் யான் எர்ட்சுபெர்க்கு என்னும் ஒளிப்பட வல்லுநரிடம் அவை ஒப்படைக்கப்பட்டன. ஏறத்தாழ 240 படங்கள் எடுக்கக்கூடிய அச்சுருள்களிலிருந்து 93 படங்களை அவர் மீட்டார். பக்கவாட்டில் சரிந்து கிடக்கும் வாயுக்கூண்டையும், அதனைப் பார்த்தபடி நிற்கும் இருவரையும் காட்டும் படம் அவற்றுள் ஒன்று. எடுத்தவனும் எடுக்கப்பட்டவரும் எலும்பாகிக் கிடந்த காலமெல்லாம், அந்தக் காட்சி சிற்சில வெள்ளி அணுக்களாகப் படிகங்களுள் காத்திருந்தது. எந்தப் புனைகதையும் இதனினும் மிகையாகச் சொல்லிவிடவில்லை.

ஒன்றை இங்கே மறத்தலாகாது. எர்ட்சுபெர்க்கின் கை சற்றே தவறியிருப்பினும் அப்படங்கள் இல்லை. படிகம் காத்துவைத்ததைப் படிக்கத் தெரிந்தவர் ஒருவர் வேண்டியிருந்தது.

தஞ்சையில் 19 அடி

இனி நம் நாட்டிற்கு வருவோம். 1856 இல் சென்னை அரசு, லின்னேயசு திரைப்பு என்னும் படைத்துறை அதிகாரியைத் தன் ஒளிப்படக் கலைஞராக அமர்த்தியது. 1857 இறுதியிலும் 1858 இலும் அவர் திருவரங்கம், திருச்சிராப்பள்ளி, மதுரை, புதுக்கோட்டை, தஞ்சாவூர் ஆகிய இடங்களுக்குச் சென்று படமெடுத்தார். மெழுகேற்றிய தாளில் வெள்ளி உப்பை ஊட்டி எதிர்ப்படி செய்யும் முறை அவருடையது. நம் கோடை வெயிலில் அவ்வேலை எத்துணை இடர்ப்பாடுடையது என்பதைக் கூறவேண்டியதில்லை.

தஞ்சைப் பெரியகோயிலில் அவர் செய்த செயல் ஒன்று தனியே குறிக்கத்தக்கது. விமானத்தின் அடித்தளத்தில் ஓடும் கல்வெட்டு வரிகளைப் பகுதி பகுதியாகப் படமெடுத்து, 21 படிகளை வரிசையாக ஒட்டி, ஏறத்தாழ 19 அடி நீளமுள்ள ஒரே படச்சுருளாக்கினார். தமிழ் எழுத்தறியாத ஒருவர், எழுத்தின் ஒரு கீற்றும் விடுபடாதவாறு எடுத்த படம் அது. தானும் தன் தமக்கை குந்தவையும் தேவியரும் பிறரும் கொடுத்தவற்றைக் கல்லில் வெட்டுமாறு பணித்தவன் முதலாம் இராசராசன். 1010 இல் நிறைவுற்ற அக்கோயிலின் சுவரில் அணிகலன்களின் எடை முதல் 400 தளிச்சேரிப் பெண்டுகள் வரை யாவும் எழுத்திலேறின. கல்லின் வடு வெள்ளியின் வடுவாக மாறியது 1858 இல். அறிஞர் ஊல்சு அக்கல்வெட்டுகளைத் தென்னிந்தியக் கல்வெட்டுகள் இரண்டாம் தொகுதியில் பதிப்பிக்கத் தொடங்கியது 1891 இல். நூலாவதற்கு ஒரு தலைமுறைக்கு முன்னரே அவ்வெழுத்துகள் ஒளிப்படமாகிவிட்டன.

திரைப்பின் பணி நீடிக்கவில்லை. 1859 இல் சென்னை ஆளுநராக வந்த சர் சார்லசு திரெவெலியன், செலவு மிகுதி எனக் கருதி அதனை நிறுத்தினார். நினைவைக் காப்பது வீண்செலவு என்று எண்ணிய முதல் அரசும் அதுவன்று. இறுதி அரசும் அதுவன்று.

வெள்ளிக்கு வந்த வினை

கேடு பற்றி முதலிற் குறித்தேன். அது திரைப்படச் சுருளைப் பற்றியது.

மோட்டார் உதிரிப் பொருள் வணிகராய் இருந்த இரா. நடராச முதலியார், 1910களின் பிற்பகுதியில் சென்னையில் 'கீசகவதம்' என்னும் ஊமைப்படத்தை எடுத்தார். தமிழ்நாட்டில் உருவான முதற் கதைப்படம் அது. அவர் எடுத்த படங்களுள் ஒன்றேனும் இன்று இல்லை. 1931 அக்டோபர் 31 இல் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும்படமாகிய 'காளிதாசு' இன்று இல்லை. அதில் நடித்த டி. பி. இராசலட்சுமி பின்னர்த் தாமே இயக்கி 1936 இல் வெளியிட்ட 'மிசு கமலா'வும் இல்லை. நம் முன்னோர் கொட்டகையிற் கூடிக் கண்டு கண்ணீர்விட்ட காட்சிகள், பெயராகவும் சில நிழற்படங்களாகவும் விளம்பரத் தாள்களாகவும் மட்டுமே எஞ்சின.

காரணங்கள் பல. அக்காலச் சுருளின் அடிப்பொருள் செல்லுலோசு நைட்டிரேட்டு. அது எளிதில் தீப்பற்றும். காலப்போக்கில் தானே சிதைந்து தூளாகும். 2003 சனவரியிற்கூடப் புனேயில் நைட்டிரேட்டுச் சுருள்கள் வைத்திருந்த அறையில் தீப்பற்றிப் பழம்படங்கள் பல அழிந்தன. நைட்டிரேட்டுக்கு மாற்றாக 1948 இல் வந்த அசிட்டேட்டுச் சுருளும் வெப்பமும் ஈரமும் மிக்க இடத்தில் புளித்துக் காடிமணம் வீசிச் சுருங்கியது. இக்குறையைப் பத்தாண்டுக்குள் கோடக் நிறுவனத்திற்கு முதலில் தெரிவித்தது இந்திய அரசே.

தீயையும் வெயிலையும்விடக் கொடிய காரணம் ஒன்றுண்டு. ஓடி முடிந்த கறுப்பு வெள்ளைப் படங்களின் சுருள்கள், அவற்றிலுள்ள வெள்ளிக்காகக் கழுவி எடுக்கப்பட்டன. எந்த வெள்ளி முகத்தைத் தாங்கியதோ, அந்த வெள்ளியே முகத்தை அழிப்பதற்குக் காரணமாயிற்று. ஓலைச்சுவடியைக் கரையான் அரிக்கும். ஆனால் ஓலைக்குச் சந்தையில் விலையில்லை. ஒளிப்படத்தின் நினைவு விலையுள்ள பொருளில் எழுதப்பட்டது. அதுவே அதன் ஊழ்.

தென்னாட்டு ஊமைப்படங்களுள் தப்பிப் பிழைத்தது 'மார்த்தாண்ட வர்மா'. சி. வி. இராமன் பிள்ளையின் புதினத்தைத் தழுவிய அப்படத்தின்மேல் நூலின் வெளியீட்டாளர் வழக்குத் தொடுத்தார். அதனால் படச்சுருள் திருவனந்தபுரத்தில் அப்புத்தகக் கடையிலேயே தங்கிவிட்டது. 1964 இல் புனேயில் நிறுவப்பட்ட தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1974 இல் அதனைப் பெற்றது. அன்பு காவாத படத்தை வழக்குக் காத்தது எனில், நம் வரலாற்றுணர்வை என்னென்பது!

கற்பனை பெயரிட்ட கண்ணாடி

அண்மைக் காலச் செய்தியொன்றைக் கூறாவிடின் இவ்வரலாறு நிறைவுறாது. 2013 இல் இங்கிலாந்தின் சவுத்தாம்டன் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் கசான்சுகி தலைமையிலான குழுவினர், உருக்கிய குவார்ட்சுக் கண்ணாடியினுள் மிகக் குறுகிய லேசர்த் துடிப்புகளால் நுண்வடுக்களை உண்டாக்கிச் செய்தியைப் பதித்துக் காட்டினர். வடுவின் இருப்பிடம் மூன்று அளவை. அதன் சாய்வும் வலிமையும் மேலும் இரண்டு. இவ்வைந்தையும் கொண்டு எழுதுவதால் ஐந்து பரிமாணப் பதிவு என்றனர். ஆயிரம் பாகை வெப்பத்தையும் தாங்கிப் பல நூறு கோடி ஆண்டு நிற்க வல்லது என்பது அவர்தம் கணிப்பு. சூப்பர்மேன் திரைப்படத்தை நினைந்து அதற்கு நினைவுப் படிகம் எனப் பெயரும் வழங்கலாயிற்று. 2019 இல் மைக்ரோசாப்ட் நிறுவனம், 75 மில்லிமீட்டர் சதுரமும் 2 மில்லிமீட்டர் கனமும் உள்ள கண்ணாடித் தகட்டில் அதே 1978ஆம் ஆண்டுத் திரைப்படத்தைப் பதித்தது. 2024 இல் மாந்த மரபணுத் தொகுதி முழுவதையும் சவுத்தாம்டன் குழுவினர் பதித்து, ஆத்திரியாவில் ஆல்சிடாட்டு உப்புச் சுரங்கத்தில் உள்ள ஆவணக் களஞ்சியத்தில் வைத்தனர். வெள்ளி உப்பில் தொடங்கிய கதை கல்லுப்பின் நடுவே வந்து நிற்கிறது.

பெயரளவில் இது படிகமாயினும் அறிவியல் வழக்கில் படிகமன்று. உருக்கிய குவார்ட்சில் அணுக்கள் ஒழுங்கின்றிக் கிடக்கும், அது கண்ணாடியே. இங்கும் நினைவு தங்கியிருப்பது தூய்மையில் அன்று. லேசர் ஏற்படுத்திய வடுவில்தான்.

படிகமும் படியும்

நம் இலக்கிய வட்டத்தின் முதற்கூட்டத்தன்று, வந்திருந்தோர் அனைவரையும் வாயிற்படியில் நிற்கவைத்து ஒரு படம் எடுத்தோம். கைப்பேசியில் எடுத்த படம். இம்மலருக்கென அதனைத் தேடினோம். எடுத்தவரின் கைப்பேசி பழுதாகி மாற்றப்பட்டிருந்தது. நினைவட்டையில் எதுவும் திறக்கவில்லை. படத்தைப் பெற்றிருந்தோர், இடம் போதாமையால் என்றோ நீக்கிவிட்டிருந்தனர். அப்படத்தில் முன்வரிசையில் அமர்ந்திருந்த பெரியவர் இருவர் இன்று நம்மிடையே இல்லை. 1858 இல் வெயிலில் எடுத்த கல்வெட்டின் படம் உள்ளது. 33 ஆண்டு பனியில் கிடந்த படம் உள்ளது. பத்தாண்டுக்கு முந்திய நம் படம் இல்லை. நினைவட்டையும் சிலிக்கான் படிகத்தால் ஆனதே. குறை படிகத்தினுடையதன்று, நம்முடையது. எல்லாரிடமும் இருக்கிறது என்று ஒவ்வொருவரும் எண்ணியிருந்தோம்.

சங்க நூல்கள் நமக்குக் கிடைத்தது எவ்வாறு என எண்ணிப் பார்க்கலாம். ஓலை சில நூற்றாண்டே நிற்கும். எனினும் இரண்டாயிரம் ஆண்டுப் பாடல்கள் நம் கைக்கு வந்தன. ஒவ்வொரு தலைமுறையிலும் யாரோ ஒருவர் பழைய ஏட்டைப் பார்த்துப் புதிய ஏட்டில் படியெடுத்தார். உ. வே. சாமிநாதையர் ஊர் ஊராய்த் தேடியது அத்தகையோர் எடுத்த படிகளையே. அழியாத பொருளை நம் முன்னோர் பெற்றிருக்கவில்லை; அழியும் பொருளை அழியுமுன் மாற்றி எழுதும் வழக்கத்தைப் பெற்றிருந்தனர். கல்வெட்டறிஞர் எடுக்கும் மைப்படியும், திரைப்பு எடுத்த வெள்ளிப்படியும், நாம் இன்று எடுக்கும் மின்படியும் அவ்வழக்கின் தொடர்ச்சியே.

நூறு கோடி ஆண்டு நிற்கும் கண்ணாடி வருக. வேண்டாம் என்பார் இலர். ஆயினும் அதனைப் படிக்கும் கருவியும், கருவியை இயக்க அறிந்தவரும், இயக்கவேண்டும் என்னும் விருப்பமும் அத்துணைக் காலம் நிற்க வேண்டுமே. வட்டெழுத்துக் கல்லில் இன்றும் உள்ளது; அதனைப் படிப்போர் எத்துணைப் பேர்?

அந்தப் படம் கிடைக்காததால் இம்மலரின் முகப்பில் அது இடம்பெறவில்லை. மாறாக, அன்று வந்திருந்தோரின் பெயர்களை நினைவிலிருந்து எழுதித் தருமாறு உறுப்பினர் எல்லாரையும் வேண்டிக்கொள்கிறேன். ஒருவர் விட்டதை மற்றொருவர் நிரப்புவார். அப்பட்டியலை மூன்று படிகள் எடுத்து மூவர் இல்லத்தில் வைப்போம். அடுத்த பத்தாண்டு மலரைத் தொகுப்போர் தேடும்போது, அவற்றுள் ஒன்றேனும் அவர்தம் கைக்குக் கிடைக்கும்.